மனைவியிடமே மயங்கிய கணவன்: ‘மைட்டி லைக் எ மூஸ்’ (1926) – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மௌனப் பட நகைச்சுவை என்றதும் சாப்ளின், கீட்டன், ஹரால்ட் லாயிட் என்று மூன்று பெயர்களோடு பலரும் நிறுத்திக்கொள்கிறார்கள். நான்காவது பெயரைக் கேட்டால் தயங்காமல் சார்லி சேஸ் என்பேன். அவர் படங்களில் ஒன்றே ஒன்றைப் பார்க்க நேரம் இருக்கிறது என்பவர்களுக்கு ‘மைட்டி லைக் எ மூஸ்’ படத்தைப் பரிந்துரைப்பேன். படத்தைப் பார்த்தவர்களும் பார்க்கலாமா என்று யோசிப்பவர்களும் வழக்கமாகக் கேட்கும் கேள்விகள் கீழே. கடைசிக் காட்சியை மட்டும் சொல்லப்போவதில்லை.

இது என்ன படம்? எவ்வளவு நேரம் ஓடும்?

1926 ஜூலையில் வெளியான அமெரிக்கக் குறும்படம். இரண்டு ரீல், இன்று கிடைக்கும் பிரதிகள் ஏறக்குறைய இருபத்து சொச்சம் நிமிடம் ஓடும். லாஸ் ஏஞ்சல்ஸை ஒட்டிய கல்வர் சிட்டியில் இருந்த ஹால் ரோச் ஸ்டுடியோவின் தயாரிப்பு. இயக்கியவர் லியோ மெக்கேரி. கணவனாக சார்லி சேஸ், மனைவியாக விவியன் ஓக்லண்ட். அமெரிக்க காங்கிரஸ் நூலகம் பாதுகாக்கத் தக்க படங்களை ஆண்டுதோறும் தேர்ந்தெடுத்து ஒரு தேசியப் பட்டியலில் சேர்க்கிறது. இந்தப் படம் அதில் 2007-இல் இடம்பெற்றது.

கதை என்ன?

மூஸ் என்ற குடும்பப் பெயர் கொண்ட தம்பதி. கணவருக்கு உதட்டைத் தாண்டி நிற்கும் எத்துப்பல். மனைவிக்கு முகத்தின் பாதியை அடைக்கும் மூக்கு. இருவருக்கும் அதுவே மனக்குறை. ஒருவருக்கு இன்ப அதிர்ச்சி கொடுக்க வேண்டும் என்று மற்றவர் நினைத்து, வாய் திறக்காமல் பல் மருத்துவரிடமும் அறுவை மருத்துவரிடமும் போகிறார்கள். பல் சீராகிறது, மூக்கு சிறுக்கிறது. புது முகங்களோடு இருவரும் வெளியே எதிர்ப்படுகிறார்கள். யாரென்று தெரியவில்லை. ஆனால் பார்த்ததும் பிடித்துவிடுகிறது.

அன்று இரவே ஒரு விருந்தில் சந்திப்பதாகப் பேசிக்கொள்கிறார்கள். அதற்கு உடை மாற்ற வேண்டும்; வீட்டுக்குத்தான் போக வேண்டும். இருவருக்கும் வீடு ஒன்றே. கணவர் கண்ணில் படாமல் மனைவியும் மனைவி கண்ணில் படாமல் கணவரும் அந்தச் சிறிய வீட்டுக்குள் நழுவி நழுவித் தயாராகிறார்கள். விருந்துக்குப் போன இடத்தில் போலீஸ் வந்து நிற்கிறது. அலறியடித்துக்கொண்டு வீடு திரும்பியபின் உண்மை முதலில் புரிவது கணவருக்கு. மனைவிக்குப் பாடம் புகட்ட வேண்டும் என்று அவர் கிளம்புவது படத்தின் இரண்டாம் பாதி.

ஒரே வீட்டில் வாழ்கிறவர்களுக்கு ஒருவரையொருவர் அடையாளம் தெரியாமல் போகுமா?

போகாது. அது படம் எடுத்தவர்களுக்கும் தெரியும். பத்து கேள்விகளில் எட்டு இதுவாகத்தான் இருக்கிறது என்பதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

சாத்தியமில்லாத ஒன்றை வைத்துக் கதை பண்ணுகிறவர்களுக்கு இரண்டு வழிகள் உண்டு. காரணத்துக்குமேல் காரணம் அடுக்கி நம்மை நம்பவைக்க முயலலாம். அல்லது முதல் நிமிடத்திலேயே ‘இது இப்படித்தான்’ என்று போட்டு உடைத்துவிட்டு, அதன்பின் நடப்பதையெல்லாம் ஒரு பிசிறு இல்லாமல் நடத்தலாம். மெக்கேரியும் சேஸும் இரண்டாவது வழியைப் பிடித்தார்கள். ஒட்டுப் பல்லும் ஒட்டு மூக்கும் யார் பார்த்தாலும் ஒட்டு என்று தெரியும் அளவுக்குத்தான் இருக்கின்றன. அந்த ஒரு பொய்யை நாம் விழுங்கிவிட்டால், அதற்குமேல் படம் நம்மிடம் எதையும் கேட்பதில்லை. இரண்டு பேரும் அந்தந்தச் சூழ்நிலையில் எந்த மனிதரும் செய்வதைத்தான் செய்கிறார்கள்: கூச்சப்படுகிறார்கள், மறைக்கிறார்கள், பொய் சொல்கிறார்கள், மாட்டிக்கொள்ளக் கூடாதே என்று பதறுகிறார்கள்.

வழக்கமான ஆள்மாறாட்டக் கதையில் ஒருவர் வேடம் போட்டுக்கொள்வார், கடைசியில் கலைப்பார். இங்கே வேடம் கலைந்த பிறகுதான் குழப்பம் தொடங்குகிறது. பல்லும் மூக்கும் இருந்தவரை அவர்கள் கணவன் மனைவி. அவை போனதும் அந்நியர்கள். உள்ளே ஒளிந்திருக்கும் இந்தக் குறும்புதான் படத்தை நூறு ஆண்டுகளாகத் தாங்குகிறது.

குரலைக் கேட்டாவது கண்டுபிடித்திருக்க மாட்டார்களா?

நல்ல கேள்வி. இந்தக் கதை மௌனப் படத்துக்கு மட்டுமே ஏற்றது என்பதற்கு இதுவே அத்தாட்சி. பேசும் படத்தில் மனைவி வாயைத் திறந்து ஒரு சொல் சொன்னால் போதும், கதை அங்கேயே படுத்துவிடும். அல்லது இருவரும் குரலை மாற்றிப் பேசியாக வேண்டும். அப்படிச் செய்தால் அவர்கள் தெரிந்தே ஏமாற்றுபவர்கள் ஆகிவிடுவார்கள். மௌனப் படத்தில் ஒருவரின் அடையாளம் முழுக்க முழுக்க முகம்தான். முகம் மாறினால் ஆள் மாறிவிட்டார் என்பது அந்த உலகத்தின் சட்டம். திரையில் ஒலி இல்லாததைக் குறையாக நினைக்காமல் அதன்மேலேயே கதையைக் கட்டியிருக்கிறார்கள்.

ஆள்மாறாட்டக் கதை எத்தனையோ பழசு. இதில் என்ன புதுமை?

பழசுதான். கிறிஸ்து பிறப்பதற்கு ஏறக்குறைய இருநூறு ஆண்டுகளுக்கு முன்பே ரோமானிய நாடகாசிரியர் பிளாட்டஸ், பிரிந்துபோன இரட்டைச் சகோதரர்களை ஒரே ஊரில் விட்டு, ஒருவனின் மனைவி மற்றவனைத் திட்டுவதாக எழுதிவிட்டார். அதை எடுத்து ஷேக்ஸ்பியர் எஜமானர்கள் இருவர், வேலைக்காரர்கள் இருவர் என்று இரட்டையை இரட்டிப்பாக்கினார்.

ஆனால் கணவன் மனைவிக்குள் நடக்கும் ஆள்மாறாட்டம் தனி வகை. அதில் புகழ்பெற்ற இரண்டு மேடைப் படைப்புகளைச் சொல்கிறேன். 1874-இல் வியன்னாவில் அரங்கேறிய யோகான் ஸ்ட்ராஸின் ‘டி ஃபிளேடர்மௌஸ்’ இசை நாடகத்தில், முகமூடி அணிந்த ஒரு சீமாட்டியிடம் கணவன் வழிகிறான். அவள் அவனுடைய மனைவி. அது அவளுக்குத் தெரியும், அவனுக்குத் தெரியாது. ஹங்கேரி நாடகாசிரியர் ஃபெரென்ஸ் மோல்னாரின் மெய்க்காவல் வீரன் நாடகம் இதற்கு நேர்மாறு. மனைவியைச் சோதிக்க நினைக்கும் நடிகன் ஒருவன் அதிகாரி வேடத்தில் அவளிடமே காதல் பேசுகிறான். அங்கே கணவனுக்குத் தெரியும். அவளுக்குத் தெரியுமா என்பதுதான் புதிர்.

சேஸின் படத்தில் முதல் பாதியில் இருவருக்குமே தெரியாது. தெரிந்தவர்கள் நாம் மட்டுமே. நடுவில் கணவருக்குத் தெரிந்துவிடுகிறது; உடனே கதை மோல்னார் வகைக்குத் தாவிவிடுகிறது. ஒரு முழு நீள நாடகத்துக்குப் போதுமான ஒரு திருப்பத்தை இரண்டு ரீலின் நடுவில் அலட்டிக்கொள்ளாமல் வைத்துவிட்டுப் போகிறார்கள். எனக்கு இதில் பிடித்தது அந்த அலட்சியம்தான்.

கடைசியில் வரும் சண்டையில் சேஸுக்கு இரட்டை வேடமா?

இல்லை. இரட்டை வேடம் என்றதும் திரையை இரண்டாகப் பிரித்து ஒரே நடிகரை இருபுறமும் நிறுத்தும் தந்திரம் நமக்கு நினைவுக்கு வரும். அது அன்றே இருந்தது. பஸ்டர் கீட்டன் 1921-இல் ‘தி பிளேஹவுஸ்’ படத்தில் கேமராவின் லென்ஸைப் பகுதி பகுதியாக மறைத்துப் படம் பிடித்து, ஒரே மேடையில் ஒன்பது கீட்டன்களை நிறுத்திக் காட்டினார். சேஸ் அந்தப் பக்கம் போகவில்லை.

இங்கே நிலைமை இதுதான். தன் கணவனும் தன் புதிய ரசிகரும் இரண்டு வேறு ஆட்கள் என்று மனைவி நம்பிக்கொண்டிருக்கிறார். தான்தான் இருவரும் என்பது கணவருக்குத் தெரியும். எனவே ‘கணவன்’ அந்த ‘ரசிகனை’க் கையும் களவுமாகப் பிடித்து அடித்து நொறுக்குவதாக ஒரு நாடகம் போடுகிறார். பொய்ப் பல்லை மாட்டினால் ஆத்திரம் தலைக்கேறிய கணவன். கழற்றினால் நடுநடுங்கும் காதலன். ஒரு வாசலில் ஒருவர் மறைகிறார். அடுத்த நொடி மற்றவர் தலை நீட்டுகிறார். மனைவிக்கு எந்த நேரத்திலும் ஒருவர்தான் கண்ணில் படுவார். மிச்சத்தைப் பயமே இட்டு நிரப்பிவிடுகிறது.

இந்தக் காட்சியை ஒருமுறை மனைவியின் முகத்தை மட்டும் பார்த்துக்கொண்டும், அடுத்த முறை சேஸின் தோள்களை மட்டும் பார்த்துக்கொண்டும் ஓட்டிப் பாருங்கள். பல் இருக்கும்போது நெஞ்சு முன்னே வருகிறது, கழுத்து நிமிர்கிறது. பல் இல்லாதபோது அதே உடம்பு ஒரு சுற்றுக் குறைந்து தெரிகிறது. வேகமான வெட்டும் ஒட்டும் பாதி வேலையைச் செய்கின்றன என்பது உண்மை. மீதிப் பாதி அந்த முதுகெலும்பில் இருக்கிறது.

யார் இந்த சார்லி சேஸ்? ஏன் இவரை அதிகம் பேர் அறியவில்லை?

இயற்பெயர் சார்லஸ் ஜோசப் பாரட். 1893-இல் அமெரிக்காவின் பால்டிமோரில் பிறந்தார். மேடையில் பாடி ஆடிப் பழகி, 1914 வாக்கில் கீஸ்டோன் ஸ்டுடியோவில் சாப்ளினின் ஆரம்பகாலப் படங்களில் சிறு வேடங்களில் தலைகாட்டினார். பிறகு இயக்குநரானார். 1920களின் தொடக்கத்தில் ஹால் ரோச் ஸ்டுடியோவில் படப்பிடிப்புகளை மேற்பார்வை செய்யும் தலைமைப் பொறுப்பில் இருந்தவர், 1924-இல் மறுபடியும் நடிக்க வந்தார். இயக்கும்போது பாரட், நடிக்கும்போது சேஸ் என்று இரண்டு பெயர்களை வைத்துக்கொண்டார்.

இவரைப் பலர் மறந்ததற்கு எனக்குத் தோன்றும் காரணம் எளிது. சாப்ளினை நிழலை வைத்தே கண்டுபிடித்துவிடலாம்; தொப்பி, தடி, காலணி. லாயிடுக்குக் கண்ணாடி. கீட்டனுக்குச் சிரிக்காத முகம். சேஸுக்கு அப்படி எதுவும் இல்லை. நன்றாக உடுத்திய, மீசையைக் கத்தரித்த, ஒல்லியான ஒரு நகரத்து மனிதர். பக்கத்து வீட்டில் குடியிருப்பவர் மாதிரி இருப்பார். அவருடைய நகைச்சுவை கூரையிலிருந்து விழுவதில் இல்லை. நாலு பேர் முன்னால் மானம் போகிற தருணத்தில் இருக்கிறது. இன்னொரு காரணமும் உண்டு: மற்ற மூவரும் முழு நீளப் படங்களுக்குப் போனார்கள். இவர் குறும்படங்களிலேயே தங்கிவிட்டார். குறும்படம் என்பது திரையரங்கில் முக்கியப் படத்துக்கு முன்னால் ஓடுவது. அதற்காக யாரும் டிக்கெட் வாங்க வரிசையில் நின்றதில்லை.

பேசும் படம் வந்தபோதும் இவர் தடுமாறவில்லை. நன்றாகப் பாடவும் செய்வார். குடிப்பழக்கம்தான் அவரை அரித்தது. தம்பி ஜேம்ஸ் பாரட்டும் இயக்குநர். லாரல், ஹார்டி இருவரும் ஒரு பியானோவை முடிவில்லாத படிக்கட்டில் ஏற்றும் ‘தி மியூசிக் பாக்ஸ்’ (1932) அவர் இயக்கியதுதான், ஆஸ்கர் பெற்றது. தம்பி 1939-இல் இறந்தார். அடுத்த ஆண்டு ஜூனில் சேஸும் மாரடைப்பால் இறந்தார். வயது 46.

இயக்குநர் மெக்கேரி பிற்பாடு என்ன செய்தார்?

பெரிய ஆளானார். லாரல், ஹார்டி இருவரையும் ஜோடியாக நிலைநிறுத்தியதில் அவருக்குப் பெரும் பங்கு உண்டு. மார்க்ஸ் சகோதரர்களின் ‘டக் சூப்’ (1933) அவர் இயக்கியது. 1937-இல் எடுத்த ‘தி ஆஃபுல் ட்ரூத்’ படத்துக்குச் சிறந்த இயக்குநர் ஆஸ்கரும், 1944-இன் ‘கோயிங் மை வே’ படத்துக்கு மறுபடியும் அதே விருதும் கிடைத்தன. ‘தி ஆஃபுல் ட்ரூத்’ பார்த்தவர்கள், விவாகரத்துக்கு நிற்கும் கணவனும் மனைவியும் மாறி மாறி ஒருவர் காலை ஒருவர் வாருவதை நினைத்துப் பாருங்கள். மூஸ் தம்பதி வசதியான வீட்டுக்குக் குடிபெயர்ந்து பேசக் கற்றுக்கொண்டால் ஏறக்குறைய அப்படித்தான் இருப்பார்கள்.

விருந்துக்குள் போலீஸ் ஏன் நுழைகிறது?

1920 முதல் 1933 வரை அமெரிக்காவில் மதுவிலக்கு. கொஞ்சம் கும்மாளமான விருந்து என்றாலே ரெய்டு வரலாம் என்பது அன்றைய பார்வையாளர்களுக்குச் சொல்லாமலே விளங்கும். கதாசிரியர்களுக்கோ அது கைக்கு எட்டிய வரம். எந்தக் காட்சியை முடிக்கத் தெரியாவிட்டாலும் போலீஸை வரவழைத்துவிடலாம்.

1926-இலேயே மூக்கை மாற்றும் அறுவை சிகிச்சை இருந்ததா?

இருந்தது. முதல் உலகப் போரில் முகம் சிதைந்து திரும்பிய வீரர்களுக்குச் சிகிச்சை அளித்ததில் இந்தத் துறை வேகமாக வளர்ந்தது. போருக்குப் பிறகு அதே கலை அழகுக்கும் பயன்பட்டது. 1923-இல் புகழ்பெற்ற மேடை நகைச்சுவை நடிகை ஃபேனி பிரைஸ் மூக்கை மாற்றிக்கொண்டது அமெரிக்கப் பத்திரிகைகளில் பெரிய செய்தியானது. ஆகவே படம் வந்தபோது இது ஊர் வாயில் அடிபட்ட விஷயம். ஒரே நாளில் ஆறிப்போவதுதான் சினிமா.

இருவரும் ஒருவருக்கொருவர் துரோகம் செய்தார்களா, இல்லையா?

நினைப்பால் செய்தார்கள், செயலால் செய்யவில்லை. வீட்டில் துணை இருக்கிறது என்று தெரிந்தேதான் இருவரும் அந்த விருந்துக்குப் போகிறார்கள். ஆனால் கையைப் பிடித்தது தாலி கட்டியவரின் கை என்பதுபோல, போய்ச் சேர்ந்த இடம் அவரவர் துணையிடமே. படம் இந்தச் சந்தில் ஒய்யாரமாக உட்கார்ந்துகொள்கிறது.

கூர்ந்து கவனிக்க வேண்டியது கணவரின் கோபம். உண்மை தெரிந்தவுடன் அவர் மனைவி எப்படி இன்னொருவனோடு போகலாம் என்று கொதிக்கிறார். அந்த இன்னொருவன் தான்தான் என்பதோ, தானும் ‘இன்னொருத்தி’யோடுதான் போனோம் என்பதோ அவர் மண்டையில் ஏறவே இல்லை. இந்த ஆண் நியாயத்தைப் படம் கண்டித்துப் பேசுவதில்லை. அவரையே அவர் அடித்துக்கொள்ளும்படி விட்டுவிடுகிறது.

பல்லையும் மூக்கையும் கேலி செய்வது இன்று சரியாகப் படுமா?

முதல் சில நிமிடங்கள் எனக்குமே உவப்பாக இல்லை. மனைவியின் மூக்கை வைத்துச் சிரிப்பு மூட்டும் தொடக்கம் இன்று எடுபடாது, எடுபடவும் வேண்டியதில்லை. படத்துக்காக ஒன்று சொல்லலாம்: அடி இருவருக்கும் சரிசமமாக விழுகிறது. பெண்ணின் முகம் மட்டும் கேலிப் பொருளாகி, ஆண் அழகனாக நிற்கும் கதை இதுவல்ல. பிறகு வரும் சிரிப்பும் முகத்தைப் பற்றியது இல்லை.

சில பிரதிகளில் எல்லோரும் தடதடவென்று ஓடுகிறார்கள். எது சரியான வேகம்?

மௌனப் படக் காலத்தில் படப்பிடிப்புக் கேமராவைக் கையால் சுற்றினார்கள். திரையிடும் வேகமும் அரங்கத்துக்கு அரங்கம் மாறியது. ஆயிரம் அடி கொண்ட ஒரு 35 மி.மீ. ரீலில் 16,000 கட்டங்கள் (ஃபிரேம்கள்) இருக்கும். நொடிக்கு 24 கட்டமாக ஓட்டினால் 11 நிமிடத்தில் முடிந்துவிடும்; 16 கட்டமாக ஓட்டினால் ஏறக்குறைய 17 நிமிடம் பிடிக்கும். ஆகவே ஒரே படம் இரண்டு பிரதிகளில் வேறு நேரத்துக்கு ஓடினால் காட்சிகள் வெட்டப்பட்டன என்று உடனே முடிவுகட்ட வேண்டாம். நகைச்சுவைப் படங்களைச் சற்று வேகமாக ஓடும்படி வேண்டுமென்றே எடுப்பதும் வழக்கம். நடப்பவர்கள் நடப்பதாகத் தெரிய வேண்டும். அவர்கள் கொறிக்கும் அணில்போல் துள்ளினால் அந்தப் பிரதியை மூடிவிட்டு வேறு தேடுங்கள்.

1926-இல் வெளியான அமெரிக்கப் படங்களின் காப்புரிமை அங்கே 2022 ஜனவரி 1 முதல் காலாவதியாகிவிட்டது. அதனால் இணையத்தில் பிரதிகளுக்குப் பஞ்சமில்லை. பின்னணி இசை மட்டும் பிற்காலத்தில் சேர்த்தது. பிடிக்காவிட்டால் ஒலியை நிறுத்திவிட்டே பார்க்கலாம், ஒன்றும் குறையாது.

ஆங்கிலம் சரளமாகத் தெரியாது. புரியுமா?

புரியும். இடையிடையே வரும் எழுத்து அட்டைகளில் சொல் விளையாட்டுகள் உண்டு; அவை நழுவினாலும் கதை நழுவாது. குழந்தைகளுக்கும் காட்டலாம், சண்டைக் காட்சியில் நம்மைவிட அவர்கள்தான் அதிகம் சிரிப்பார்கள்.

இதே போலக் குடும்பத்துக்குள் நடக்கும் ஆள்மாறாட்டப் படங்கள் வேறு என்ன பார்க்கலாம்?

சேஸிடமே நிறைய இருக்கிறது. அதே 1926-இல் வந்த ‘மம்ஸ் தி வர்ட்’ படத்தில், மறுமணம் செய்துகொண்ட தாய் தனக்கு இவ்வளவு பெரிய மகன் இருப்பதைப் புதுக் கணவரிடம் சொல்லவில்லை. மகன் வேலைக்காரனாக அந்த வீட்டுக்குள் நுழைகிறான். தாயும் மகனும் ஒளிந்து ஒளிந்து பாசம் காட்டுவதைப் பார்க்கும் கணவருக்கு என்ன தோன்றும் என்று நீங்களே யூகிக்கலாம். ‘கிரேசி லைக் எ ஃபாக்ஸ்’ படத்தில் சேஸ், பெற்றோர் பேசி முடித்த கல்யாணத்தைத் தட்டிக்கழிக்கப் பைத்தியமாக நடிக்கிறார். வழியில் பார்த்துக் காதலித்த பெண்தான் அந்த மணமகள் என்பது தெரியாமல்.

சாப்ளினின் ‘தி ஐடில் கிளாஸ்’ (1921) நேரடியான இரட்டை வேடம். குடிகாரப் பணக்காரக் கணவனாகவும் நாடோடியாகவும் அவரே. மாறுவேட விருந்தில் கணவன் இரும்புக் கவசத்துக்குள் மாட்டிக்கொண்டு தவிக்க, மனைவி நாடோடியைத் தன் கணவன் என்று எண்ணிப் பேசுகிறாள். ஜெர்மனியில் எர்ன்ஸ்ட் லுபிட்ஷ் 1920-இல் எடுத்த ‘கோல்ஹீசல்ஸ் டோக்டர்’ படத்தில் ஹென்னி போர்ட்டன் என்ற ஒரே நடிகை அழகிய தங்கை, முரட்டு அக்கா இருவராகவும் வருகிறார். ஆள்மாறாட்டம் அதில் மையம் இல்லை என்றாலும், ஒரு முகத்தை இரண்டாக்கும் வித்தையை அங்கே பார்க்கலாம்.

பேசும் படத்தில் ஒன்று வேண்டும் என்றால் லாரல், ஹார்டியின் ‘சன்ஸ் ஆஃப் தி டெசர்ட்’ (1933). மனைவிமார்களிடம் பொய் சொல்லிவிட்டுச் சிகாகோ மாநாட்டுக்கு வந்த இருவரும் அங்கே ஒரு அட்டகாசமான ஆளிடம் சிக்குகிறார்கள். அந்த ஆள் சார்லி சேஸ். அவர் லாஸ் ஏஞ்சல்ஸில் இருக்கும் தன் தங்கையைத் தொலைபேசியில் அழைத்து, வேடிக்கைக்காக ஹார்டியைப் பேசச் சொல்கிறார். ஹார்டியும் குழைந்து குழைந்து பேசுகிறார். விலாசத்தைக் கேட்ட பிறகுதான் அவருக்குத் தெரிகிறது: அது அவர் வீடு, எதிர்முனையில் இருப்பவர் அவர் மனைவி.